இந்தோனேசிய மலைகளில் உங்கள் தேர்வு எது? உயரப் பட்டியல் வேண்டாம், காரணம் சொல்லுங்கள்

குன்றத்தூரான்:
இந்தோனேசிய மலைகளைப் பற்றித் தமிழில் எதைத் தேடினாலும் உயர வரிசைதான் வந்து நிற்கிறது. புன்சாக் ஜயா 4,884 மீட்டர், கெரிஞ்சி 3,805, ரிஞ்சானி 3,726, செமேரு 3,676 என்று இறங்கிக்கொண்டே போகும், அத்தோடு முடிந்துவிடும். அந்த நாட்டு மலைகளை உயரத்தை வைத்து மதிப்பிடுவது சரியில்லை என்பது என் கட்சி. கிழக்கு ஜாவாவில் இருக்கும் கெலூட் வெறும் 1,731 மீட்டர். நம் தொட்டபெட்டா அதைவிட எவ்வளவோ உயரம். ஆனால் 1919 மே மாதம் ஒரே இரவில் 5,000 பேருக்கு மேல் அந்த மலையால் செத்துப்போனார்கள். பட்டியலில் அது எங்கே வரும்?

அரசுக் கணக்குப்படி அங்கே உயிரோடிருக்கும் எரிமலைகள் 127. ஒவ்வொருவரும் ஒரு மலையைத் தேர்ந்தெடுத்து, ஏன் அது என்று எழுதுங்கள். போய்ப் பார்த்தவர்கள் கட்டாயம் எழுத வேண்டும்.

கோவை மலையேறி:
உயரத்தை ஒதுக்கிவைக்கச் சொன்னாலும் நான் புன்சாக் ஜயாவைத்தான் சொல்வேன். காரணம் உயரம் இல்லை, பனி. நிலநடுக்கோட்டிலிருந்து நாலு பாகை தெற்கே, பாப்புவாவின் மழைக்காட்டுக்கு மேலே பனிப்பாறை! 1623ல் யான் கார்ஸ்டென்ஸ் என்ற டச்சு மாலுமி கடலிலிருந்தே அந்தப் பனியைப் பார்த்து எழுதிவைத்தார். வெப்ப மண்டலத்தில் ஏது பனி என்று ஐரோப்பாவில் அவரைக் கேலி செய்தார்கள். அவர் பெயரைத்தான் மலையேறிகள் இன்றும் அந்தச் சிகரத்துக்குச் சொல்கிறார்கள், கார்ஸ்டென்ஸ் பிரமிட் என்று. 1962ல் ஹைன்ரிக் ஹாரர் தலைமையில் நாலு பேர் முதன்முதலாக உச்சியைத் தொட்டார்கள்.

ஏழு கண்டத்துச் சிகரங்கள் என்று கிளம்புகிறவர்களுக்குள் தீராத சண்டை ஒன்று உண்டு. ஆஸ்திரேலியக் கண்டத்துக்குக் கோசியஸ்கோவை எடுப்பதா, கார்ஸ்டென்ஸை எடுப்பதா? கோசியஸ்கோ 2,228 மீட்டர்தான், நடந்தே போய் வந்துவிடலாம். கார்ஸ்டென்ஸில் கயிறு கட்டிப் பாறை ஏற வேண்டும். நான் பாறை ஏறுகிறவன், என் ஓட்டு எதற்கு என்று சொல்லத் தேவையில்லை.

ஆனால் அந்தப் பனி முடிந்துகொண்டிருக்கிறது. 19ஆம் நூற்றாண்டின் நடுவில் சுமார் 20 சதுர கிலோமீட்டர் இருந்தது, இப்போது ஒரு சதுர கிலோமீட்டர்கூட இல்லை. நம் காலத்திலேயே போய்விடும். எனக்கு இது உண்மையிலேயே வயிற்றெரிச்சலாக இருக்கிறது. அதே மலைத்தொடரில் பக்கத்திலேயே கிராஸ்பெர்க் சுரங்கம் வேறு. உலகின் மிகப் பெரிய தங்க, செம்புச் சுரங்கங்களில் ஒன்று. மேலே பனி கரைய, பக்கத்து மலையை மனிதன் குடைந்து குழியாக்கி வைத்திருக்கிறான்.

யாழ் வாசகன்:
ஒரு சந்தேகம் அண்ணா. புன்சாக் ஜயாவும் எரிமலையோ? வரைபடத்தில் பார்த்தால் சுமாத்ரா, ஜாவா, பாலி, லொம்பொக், சும்பாவா, புளோரஸ் எல்லாம் வரிசையாக எரிமலைப் புள்ளிகள். போர்னியோ அவ்வளவு பெரிய தீவு, அங்கே ஒன்றையும் காணோம். ஏன் அப்படி?

நிலவியல் வாத்தியார்:
நல்ல கேள்வி தம்பி. புன்சாக் ஜயா எரிமலை இல்லை. சுண்ணாம்புக்கல், அதாவது ஒரு காலத்தில் கடலடியில் படிந்தது. பூமியின் மேலோட்டுத் துண்டுகளில் ஒன்றான ஆஸ்திரேலியத் தட்டு வடக்கே வந்து முட்டியதில் மடிந்து மேலே ஏறிவிட்டது. அந்த வகையில் அது இமயமலைக்குத்தான் சொந்தம், ஜாவா மலைகளுக்கு இல்லை.

சுமாத்ரா முதல் புளோரஸ் வரை நடப்பது வேறு கதை. அங்கே கடலடித் தட்டு ஆண்டுக்குச் சுமார் 6, 7 சென்டிமீட்டர் வீதம் தீவுகளுக்கு அடியில் சொருகிக்கொண்டு போகிறது. போகும்போது கடல்நீர் ஊறிய பாறையையும் கூடவே இழுத்துச் செல்கிறது. சுமார் 100 கிலோமீட்டர் ஆழம் போனதும் அந்த நீர் பிரிந்து மேலே ஏறுகிறது. நீர் சேர்ந்தால் பாறை உருகும் வெப்பநிலை குறையும். அங்கே பாறைக்குழம்பு உண்டாகி மேலே வருகிறது. அதனால்தான் எரிமலைகள், தட்டு சொருகும் இடத்தில் உள்ள கடல் அகழிக்கு இணையாக, ஏறக்குறைய ஒரே தூரத்தில் வரிசை கட்டி நிற்கின்றன. போர்னியோ அந்த வரிசைக்கு வெகு தூரம் வடக்கே இருக்கிறது.

இன்னொன்றையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். ஹவாயில் லாவா ஆறு ஓடுவதைக் காணொளியில் பார்த்திருப்பீர்கள், பக்கத்தில் நின்று படம் பிடிக்கிறார்கள். ஜாவாவில் அப்படி நிற்க முடியாது. நீர்த்த கஞ்சி கொதித்தால் குமிழி சத்தமில்லாமல் வெளியேறும், கெட்டிக் கூழ் கொதித்தால் தெறித்துக் கையைச் சுடும். ஜாவாவின் பாறைக்குழம்பு கெட்டி, உள்ளே வாயுவும் அதிகம். வெடிப்பதற்கு அதுவே காரணம்.

வரைபடப் பிரியை:
என் தேர்வு சும்பாவாத் தீவில் இருக்கும் தம்போரா. இன்று 2,850 மீட்டர்தான், பட்டியலில் யார் கண்ணிலும் படாது. 1815க்கு முன் அது 4,300 மீட்டர் உயரம் இருந்திருக்கலாம் என்பது மதிப்பீடு. மலையின் தலையே இல்லாமல் போய்விட்டது. தலை இருந்த இடத்தில் இப்போது 6 கிலோமீட்டர் அகலத்தில், ஒரு கிலோமீட்டருக்கு மேல் ஆழத்தில் ஒரு பள்ளம்.

1815 ஏப்ரல் 5ஆம் தேதி முதல் வெடிச் சத்தம். நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி, ஜாவாவின் யோக்யகர்த்தாவில் அதைப் பீரங்கி என்று நினைத்துப் படையை நகர்த்தினார்கள். ஏதோ கப்பல் ஆபத்தில் இருக்கிறது என்று கடற்கரையோரம் படகு அனுப்பித் தேடினார்கள். உண்மையான வெடிப்பு 10ஆம் தேதி மாலை. மலையடியில் இருந்த தம்போரா, பெக்காட் என்ற சிற்றரசுகள் மக்களோடு சேர்ந்து அழிந்தன. அந்தத் தம்போரா மக்களின் மொழியே அவர்களோடு போய்விட்டது, ஒரு சிறு சொற்பட்டியல் மட்டும் மிச்சம். வெடிப்பிலும் அதற்குப் பின் வந்த பஞ்சத்திலும் நோயிலும் இறந்தவர்கள் 70,000 பேருக்குக் குறையாது. அடுத்த ஆண்டு, 1816, ஐரோப்பாவுக்கும் வட அமெரிக்காவின் கிழக்குப் பகுதிக்கும் கோடையே வரவில்லை. ஜூனில் பனி பெய்து பயிர் கருகியது.

எரிமலை என்றதும் எல்லோரும் கிரக்காத்தோவா என்கிறார்கள். 1883ல் அது வெடித்தபோது கடலடித் தந்திக் கம்பிகள் வந்துவிட்டன, செய்தி உடனே உலகம் முழுக்கப் போனது. தம்போராவுக்கு அந்த வாய்ப்பு இல்லை. வெளியே வந்த பொருளின் அளவில் தம்போராதான் பெரியது. இந்த அநியாயத்துக்காகவே என் ஓட்டு அதற்கு.

நிலவியல் வாத்தியார்:
அம்மா சொல்வது சரி. ஆனால் கிரக்காத்தோவாவை அவ்வளவு எளிதாகத் தள்ளிவிடாதீர்கள். 36,000 பேருக்கு மேல் இறந்தார்கள், பெரும்பாலும் சுனாமியில். வெடித்த சத்தம் 4,800 கிலோமீட்டர் தள்ளி இந்தியப் பெருங்கடலின் ரொட்ரிகஸ் தீவில் கேட்டது. அங்கிருந்த அதிகாரியும் தூரத்துப் பீரங்கி என்றுதான் எழுதிவைத்தார். காற்றழுத்த அலை உலகைப் பல முறை சுற்றியது, அங்கங்கே இருந்த அழுத்தமானிகளில் அது பதிவாகியிருக்கிறது.

ஒருவரும் ரிஞ்சானியைச் சொல்லவில்லையே? லொம்பொக்கில் இப்போது ரிஞ்சானி இருக்கும் இடத்துக்குப் பக்கத்தில் சமலாஸ் என்ற இன்னொரு சிகரம் இருந்தது. 1257ல் வெடித்துக் காணாமல் போயிற்று. கிரீன்லாந்து, அன்டார்டிகா இரண்டு இடத்துப் பனியிலும் அந்த ஆண்டையொட்டிக் கந்தகத்தின் தடம் பெரிதாக இருந்தது. எந்த எரிமலை என்று பல ஆண்டுகள் தெரியவில்லை. 2013ல்தான் சமலாஸ் என்று உறுதியாயிற்று. அதற்கு உதவியவற்றில் ஒன்று லொம்பொக்கின் பனை ஓலைச் சுவடி. மலை சரிந்ததையும் பாமாத்தான் என்ற ஊர் அழிந்ததையும் பழைய ஜாவா மொழியில் அது சொல்கிறது. ஓலைச் சுவடியும் துருவப் பனியும் ஒரே நிகழ்ச்சிக்குச் சாட்சி சொல்லும் இடம் உலகில் அதிகம் இல்லை. ஏடுகளைச் செல்லரிக்க விட்டுவைத்திருக்கும் நாம் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

பினாங்கு மல்லி:
நான் சினாபுங்கைச் சொல்ல வந்தேன். வடக்குச் சுமாத்ராவில் காரோ மேட்டுநிலத்தில் இருக்கிறது, 2,460 மீட்டர். அம்மா வழி உறவுக்காரர்கள் மேடானில் இருக்கிறார்கள். டச்சுக்காரர்கள் டெலி புகையிலைத் தோட்டத்துக்குக் கொண்டுபோன தமிழர்களின் வாரிசுகள். 1884ல் கட்டிய மாரியம்மன் கோயில் மேடானில் இன்றும் இருக்கிறது. மேடான்காரர்கள் குளிர் தேடிப் போவது பெராஸ்தாகிக்கு, அந்த மலை ஊரிலிருந்து பார்த்தால் சினாபுங் நேரே தெரியும்.

அது 400 ஆண்டுகள் போலத் தூங்கிய மலை. கண்காணிப்பே சரியாக இல்லை, ஏனென்றால் அது எழும் என்று யாரும் நினைக்கவில்லை. 2010 ஆகஸ்ட் கடைசியில் எழுந்தது. 2013லிருந்து விடாமல் வெடித்தது. 2014 பிப்ரவரி முதல் தேதி அனல் மேகம், அதாவது சுடுவாயுவும் சாம்பலும் சேர்ந்து சரிவில் பாயும் மேகம், இறங்கியதில் பதினைந்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். தடைசெய்த பகுதிக்குள் போயிருந்தவர்கள். சிலர் வீட்டைப் பார்க்க, சிலர் படம் எடுக்க.

பெராஸ்தாகிச் சந்தையில் சாம்பல் விழுந்த முட்டைக்கோஸைப் பார்த்திருக்கிறேன். விறகுச் சாம்பல் மாதிரி ஊதினால் பறக்காது. விரலில் எடுத்துத் தேய்த்தால் மணல் மாதிரி நறநறவென்று இருக்கும், ஏனென்றால் அது பொடிப்பொடியான பாறையும் கண்ணாடியும்தான். மாமா கார்க் கண்ணாடியில் வைப்பர் போடவே விடமாட்டார், கீறல் விழுந்துவிடும் என்று முதலில் தண்ணீர் ஊற்றச் சொல்வார். மழை பெய்தால் இன்னும் மோசம், நனைந்த சாம்பலின் கனம் தாங்காமல் கூரை இறங்கிவிடும். கோஸின் வெளி இலைகளை உரித்து உரித்து எறிந்துகொண்டிருந்த அந்தக் கடைக்கார அம்மாள், கடைசியில் கையளவு உருண்டையைத் தராசில் வைத்தார். ஊர்களையே காலி செய்து வேறு இடத்தில் குடிவைத்தார்கள். தேசியச் செய்தியில் எத்தனை நாள் வந்திருக்கும்?

சுராபாயாக்காரன்:
வேலை காரணமாகக் கிழக்கு ஜாவாவில் இருக்கிறேன். இங்கே மூன்று மலைகளை விட்டுவிட முடியாது.

புரோமோ 2,329 மீட்டர். சுற்றிலும் மணல் கடல், நடுவில் புகையும் வாய். விளிம்பில் பிள்ளையார் சிலை ஒன்று உண்டு, பூவும் பழமும் எப்போதும் இருக்கும். அந்தப் பக்கத்துத் தெங்கர் மக்கள் இந்துக்கள். குழந்தை இல்லாத ஒரு தம்பதி மலையிடம் வேண்டி 25 பிள்ளைகள் பெற்றார்கள், வாக்குப்படி கடைசிப் பிள்ளையை மலைக்குக் கொடுத்தார்கள் என்பது அவர்கள் கதை. அதன் நினைவாகக் கசாடா மாதப் பௌர்ணமியை ஒட்டி, விளைந்த காய்கறி, கோழி, ஆடு, பணம் எல்லாவற்றையும் எரிமலைவாய்க்குள் எறிவார்கள். எனக்கு மறக்காதது எறிகிறவர்கள் இல்லை, உட்சரிவில் நிற்கிறவர்கள். நீளக் கம்பில் வலை கட்டி, கந்தகப் புகையில் இருமிக்கொண்டு, மேலிருந்து விழும் கோழியையும் கோஸையும் பிடித்துக்கொண்டு போகிறார்கள். யாரும் தடுப்பதில்லை. காணிக்கை மலைக்குப் போய்விட்டது, அதற்குப் பிறகு எடுப்பது தப்பில்லை.

அடுத்தது ஈஜென். இணையத்தில் "நீல லாவா" என்று படம் சுற்றுகிறது, தவறு. பாறைப் பிளவு வழியாக வரும் கந்தக வாயு காற்றுப் பட்டதும் எரிவதால் வரும் நீலச் சுடர் அது. இருட்டில்தான் தெரியும், ஆகவே நள்ளிரவுக்குப் பிறகு ஏறுகிறார்கள். கீழே பச்சை நிற ஏரி, உலகின் மிகப் பெரிய கடும் அமில ஏரி. கந்தகம் எடுக்கும் தொழிலாளிகள் குழாய் பதித்து அந்தக் கந்தக வாயுவைக் குழாய் வழியாகச் செலுத்துகிறார்கள். குளிர்ந்து செக்கச்செவேல் என்று சொட்டும், இறுகினால் மஞ்சள். அதை உடைத்துக் காவடித் தண்டு போன்ற மூங்கிலில் இரண்டு கூடை கட்டி 70, 80 கிலோ சுமந்து செங்குத்தான பாதையில் ஏறுகிறார்கள். எனக்கு எதிரே ஒருவர் வந்தார். தோளில் தண்டு பதிந்து பதிந்து சதை காய்த்துக் கட்டியாகியிருந்தது. முகமூடிக்குப் பதில் ஈரத் துணியின் முனையைப் பல்லால் கடித்துக்கொண்டிருந்தார். நல்ல முகமூடி வாடகைக்கு எடுத்துப் போட்டிருந்த நாங்கள்தான் ஒதுங்கி வழிவிட வேண்டும். வழியை மறித்துப் படம் எடுக்கிறவர்களைப் பார்த்தால் எனக்குக் கோபம் வருகிறது, தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள்.

செமேரு ஜாவாவின் உச்சி. ஜாவாத் தீவு ஆடிக்கொண்டிருந்ததாம், அதை அசையாமல் நிறுத்த தேவர்கள் மேரு மலையைக் கொண்டுவந்து வைத்தார்களாம். அந்த மேருதான் செமேரு. 2021 டிசம்பர் 4 அன்று கனமழையில் உச்சியின் லாவா மேடு சரிந்து, 50 பேருக்கு மேல் இறந்தார்கள்.

கோவை மலையேறி:
செமேரு ஏற வேண்டும் என்று எனக்குப் பல நாள் ஆசை. ஆனால் 2023 டிசம்பர் 3 ஞாபகம் வருகிறது. மேற்குச் சுமாத்ராவின் மராப்பி. ஜாவாவின் மெராப்பி வேறு, இது வேறு, குழப்பிக்கொள்ள வேண்டாம். 70 பேருக்கு மேல் பதிவு செய்து மலையில் இருந்தபோது வெடித்தது. 24 பேர் இறந்தார்கள், நிறையப் பேர் இளைஞர்கள். ஒரு மலையேறியாக நான் கேட்கிறேன்: நாலு படி எச்சரிக்கையில் இரண்டாம் நிலையில் இருந்த மலை, வாயிலிருந்து 3 கிலோமீட்டருக்குள் போகக் கூடாது என்று எரிமலை ஆய்வாளர்கள் சொல்லியிருந்த மலை. அதற்கு எப்படி அனுமதிச் சீட்டு கொடுத்தார்கள்?

சுராபாயாக்காரன்:
எச்சரிக்கையை அறிவிப்பது ஒரு துறை, மலைப்பாதையைத் திறப்பதும் மூடுவதும் இன்னொரு துறை. முந்தையவர்கள் பரிந்துரைக்கத்தான் முடியும். இந்த இடைவெளியில்தான் அந்த 24 பேரும் விழுந்தார்கள் என்பது என் எண்ணம்.

நிலவியல் வாத்தியார்:
அதோடு, மராப்பி வெடித்தது நீராவி அழுத்தத்தால். அந்த வகை வெடிப்புக்கு முன்னறிகுறி மிகக் குறைவு. பாறைக்குழம்பு மேலே வந்தால் நிலம் உப்பும், நடுக்கம் கூடும், கருவி சொல்லும். நீராவி வெடிப்பு பல நேரம் ஒன்றுமே சொல்லாது. "நேற்று அமைதியாக இருந்தது" என்பது அங்கே ஒரு காரணமே இல்லை.

யாழ் வாசகன்:
வாசிக்க வாசிக்க ஒன்று விளங்கவில்லை. இவ்வளவு தெரிந்தும் சனம் ஏன் அந்த மலைகளின் மடியிலேயே இருக்கிறது?

வரைபடப் பிரியை:
மண்தான் காரணம். சாம்பல் மக்கி வரும் மண்ணில் எதைப் போட்டாலும் விளைகிறது. ஜாவாவில் அவ்வளவு நெருக்கமாக மக்கள் வாழ்வதற்கு அந்த மண்ணும் ஒரு காரணம்.

மண் மட்டும்தான் என்றும் சொல்ல முடியாது. மெராப்பிக்கு யோக்யகர்த்தா சுல்தான் நியமிக்கும் காவலர் ஒருவர் உண்டு, மலைக்குக் காணிக்கை செலுத்துவது அவர் வேலை. 2010ல் அப்படி இருந்தவர் ம்பா மரிஜான். தன் கடமை மலையோடு என்று கீழே இறங்க மறுத்துவிட்டார். அக்டோபர் 26 மாலை அனல் மேகம் அவர் ஊரை மூடியது. அவரும், அவரை அழைத்துப் போக வந்தவர்கள் உட்பட இன்னும் பலரும் இறந்தார்கள். அந்தப் பக்கம் அந்த மேகத்துக்குச் சடை ஆடு என்ற பொருளில் பெயர் வைத்திருக்கிறார்கள். தூரத்திலிருந்து பார்க்க அப்படித்தான் சுருள் சுருளாக இருக்கும்.

அதே மெராப்பியின் அடியில் சம்பிசாரி என்ற சிவன் கோயில் இருக்கிறது. 1966ல் ஒரு விவசாயி வயலில் கொத்தும்போது செதுக்கிய கல்லில் மண்வெட்டி பட்டது. தோண்டிப் பார்த்தால் எரிமலைச் சேற்றுக்கு ஆறரை மீட்டர் கீழே முழுக் கோயில். இப்போது போனால் தரைமட்டத்தில் நின்று குழிக்குள் எட்டிப் பார்ப்பதுபோல இருக்கும், படியிறங்கிப் போகவேண்டும். நடுவில் லிங்கம், வெளிச்சுவர் மாடங்களில் துர்க்கை, பிள்ளையார், தெற்கு மாடத்தில் தாடியோடு அகத்தியர். நம் பொதிகை மலை முனிவரை அங்கே, மெராப்பி புகைவது தெரியும் இடத்தில் பார்த்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது.

பினாங்கு மல்லி:
வடக்குச் சுமாத்ராவின் தோபா ஏரியை விட்டுவிட்டோம்! 100 கிலோமீட்டர் நீளம், 30 கிலோமீட்டர் அகலம், எல்லாம் ஒரே எரிமலைவாய். நடுவில் சமோசிர் தீவு.

நிலவியல் வாத்தியார்:
ஆமாம் அம்மா, சுமார் 74,000 ஆண்டுகளுக்கு முன் வெடித்தது. அதன் சாம்பல் ஆந்திராவின் கர்நூல் பக்கம் ஜ்வாலாபுரத்தில் கனமான படிவாகக் கிடைக்கிறது. படிவுக்குக் கீழேயும் மேலேயும் ஒரே மாதிரிக் கற்கருவிகள். அந்த வெடிப்பில் மனித இனமே அழிவின் விளிம்புக்குப் போயிற்று என்ற கருத்தை எதிர்க்கிறவர்கள் முன்வைக்கும் முக்கியமான சான்று அது.

குன்றத்தூரான்:
என் கெலூட்டை முழுதாகச் சொல்லிவிடுகிறேன். அதன் வாயில் ஒரு ஏரி இருந்தது. வெடிக்கும்போதெல்லாம் கோடிக்கணக்கான கன மீட்டர் நீர் சாம்பலோடு கலந்து கொதிக்கும் சேறாக ஊர்களுக்குள் பாயும். 1919ல் கொன்றது லாவா இல்லை, அந்தச் சேறு. உடனே டச்சுப் பொறியாளர்கள் மலையைக் குடைந்து சுரங்க வாய்க்கால் வெட்டி ஏரியை வடித்தார்கள். 1951ல் வெடித்தபோது சேறு பெரிதாக வரவில்லை. ஆனால் அந்த வெடிப்பு வாயின் அடியை ஆழமாக்கிவிட்டது. பழைய சுரங்கம் உயரத்தில் நின்றுபோக, ஏரி மறுபடி நிரம்பியது, 1966ல் இருநூறு பேருக்கு மேல் பலி. பிறகு இன்னும் கீழே புதிய சுரங்கம் வெட்டினார்கள். 2014 பிப்ரவரி 13 இரவு உச்ச எச்சரிக்கை அறிவித்து ஒன்றரை மணி நேரத்தில் வெடித்தது. 200 கிலோமீட்டர் தள்ளி யோக்யகர்த்தா வெள்ளையாகிப்போகும் அளவுக்குச் சாம்பல். பல்லாயிரம் பேர் அந்த ஒன்றரை மணி நேரத்தில் வெளியேறிவிட்டார்கள். இறந்தவர்கள் பத்துப் பேர்கூட இல்லை. 1919க்கும் 2014க்கும் நடுவில் மனிதர்கள் ஒரு மலையோடு போட்ட சண்டை இது. இதனால்தான் என் தேர்வு கெலூட்.

வரைபடப் பிரியை:
ஒப்புக்கொள்கிறேன். மெராப்பியும் அப்படித்தான். 2010ல் சுமார் 350 பேர் இறந்தாலும், தடைப் பகுதியை 10, 15, 20 கிலோமீட்டர் என்று நேரத்தோடு விரித்ததில் ஆயிரக்கணக்கானோர் பிழைத்தார்கள். ஆனால் 2018 டிசம்பர் 22 இரவு கிரக்காத்தோவா வெடித்த இடத்தில் பிறகு முளைத்த அனாக் கிரக்காத்தோவின் ஒரு பக்கம் கடலில் சரிந்தபோது? நிலநடுக்கம் இல்லாததால் சுனாமி எச்சரிக்கையே ஒலிக்கவில்லை. கடற்கரையில் இசை நிகழ்ச்சி நடந்துகொண்டிருந்தது. 400 பேருக்கு மேல் போனார்கள்.

குன்றத்தூரான்:
அதை மறுக்கவில்லை. அனாக் கிரக்காத்தோவுக்குச் சுரங்கம் வெட்டித் தீர்வு காண முடியாது. கடலோரத்தில் அலையை நேரடியாக அளக்கும் கருவிகள் நிறைய வேண்டும், அதற்கு ஆண்டுதோறும் பணம் ஒதுக்க வேண்டும்.

யாழ் வாசகன்:
அம்மா அப்பாவோடு வருகிற ஆண்டு பாலி போக இருக்கிறோம். அகுங் மலையைப் பற்றி யாராவது?

சுராபாயாக்காரன்:
அகுங் 3,000 மீட்டரைக் கொஞ்சம் தாண்டும். 1963ல் நூறாண்டுக்கு ஒருமுறை செய்யும் ஏகாதச ருத்ர வழிபாடு அதன் சரிவில் இருக்கும் பெசாகி கோயிலில் நடந்துகொண்டிருந்த காலத்தில் வெடித்தது, ஆயிரம் பேருக்கு மேல் இறந்தார்கள். லாவா பெசாகியைத் தொடாமல் பக்கத்தில் இறங்கிப் போயிற்று. வழிபாட்டை 1979ல் மறுபடி செய்தார்கள். 2017ல் புகைந்தபோது விமான நிலையத்தைச் சில நாள் மூடினார்கள், ஆகவே பயணக் காப்பீட்டில் எரிமலைச் சாம்பலால் விமானம் ரத்தானால் பணம் தருவார்களா என்று பார்த்து எடுங்கள். கிளம்புவதற்கு முன் எச்சரிக்கை நிலையைப் பாருங்கள்: நோர்மல், வஸ்பாடா, சியாகா, அவாஸ் என்று நாலு படி, அவாஸ் உச்சம். பெரியவர்களோடு அகுங் ஏற வேண்டாம். பெசாகிக்குக் காலையிலேயே போங்கள், மதியத்துக்கு மேல் மலையை மேகம் மூடிவிடும். தம்போரா பிடித்தவர்கள் இங்கே இருப்பதால் இதையும் சொல்கிறேன், பாலியிலிருந்து சும்பாவாவுக்கு விமானம் உண்டு.